படபடப்புக்குக் குளிர்ந்த தண்ணீர்: எங்கே உதவியது, எங்கே தடையாக நின்றது – ஒரு நிகழ்வு ஆய்வு

மனநல ஆலோசகராக நான் கூடவே இருந்து பார்த்த ஒரு நிகழ்வு இது. சம்பந்தப்பட்டவரின் சம்மதத்தோடுதான் எழுதுகிறேன், அவரை அடையாளம் காட்டக்கூடிய விவரங்களை மாற்றியிருக்கிறேன். பேனிக் அட்டாக் (திடீரென்று உச்சத்துக்கு ஏறும் பயத் தாக்கம்) வந்தால் முகத்தை ஐஸ் தண்ணீரில் வையுங்கள் என்ற யோசனை இன்றைக்கு எல்லோர் போனிலும் வந்து விழுகிறது. அது வேலை செய்யும் என்பதில் எனக்குச் சந்தேகமில்லை. யாருக்கு, எப்படி, எத்தனை நாளைக்கு என்பதைத்தான் சொல்லாமல் விட்டுவிடுகிறார்கள். இவர் சிக்கிக்கொண்டது அந்த இடத்தில்தான்.

பின்னணி

திருப்பூரில் ஒரு பனியன் கம்பெனியில் செக்கிங் பிரிவு சூப்பர்வைசர். வயது 38. மனைவி, பள்ளிக்குப் போகும் மகள், அம்மா. சிகரெட் கிடையாது, குடி எப்போதாவது. அப்பா அறுபது வயதுக்குள் மாரடைப்பில் போனவர், அந்தப் பயம் உள்ளே எப்போதும் கொஞ்சம் இருந்திருக்கிறது. ஆனால் அதனால் வேலை கெட்டதோ தூக்கம் கெட்டதோ இல்லை.

ஜனவரியில், ஷிப்மென்ட் நெருக்கடியில் எல்லோரும் இரவும் பகலுமாக வேலை பார்த்த ஒரு நாள், இவருடைய வயதுள்ள சக ஊழியர் ஒருவர் டேபிளுக்குப் பக்கத்திலேயே சாய்ந்தார். தூக்கி ஆட்டோவில் போட்டது இவர்தான். ஆஸ்பத்திரிக்குப் போய்ச் சேரும்போது உயிர் இல்லை. மூன்று வாரம் கழித்து, வேலை முடிந்து வண்டியில் வரும்போது அவிநாசி ரோடு சிக்னலில் நின்ற இடத்தில் இவருக்கு முதல் தாக்கம் வந்தது.

"நெஞ்சு அடிக்கறது காதுக்குள்ள கேக்குதுங்க மேடம். கையி ரெண்டும் மரத்துப்போச்சு. சரி, அவனுக்கு ஆன மாதிரியே நமக்கும் ஆகப்போவுதுன்னு நெனச்சுட்டனுங்க." வண்டியை ஓரம் கட்டிவிட்டு நடைபாதையில் உட்கார்ந்தவரை யாரோ இருவர்தான் ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப்போனார்கள்.

முதலில் இதயம்

அன்றைக்கு கேஷுவாலிட்டியில் இசிஜி எடுத்தார்கள், இதயத் தசைக்குச் சேதம் உண்டா என்று காட்டும் ட்ரோபோனின் ரத்தப் பரிசோதனையைச் சில மணி நேர இடைவெளியில் இரண்டு முறை செய்தார்கள், எல்லாம் சரியாக இருந்தது. பின்னர் எக்கோவும் (இதய ஸ்கேன்) தைராய்டும் பார்த்தார்கள், அவையும் சரி. இந்தப் பகுதியை வேகமாகக் கடக்க மனமில்லை, ஏனென்றால் பேனிக் அட்டாக்கின் அறிகுறிகளும் மாரடைப்பின் அறிகுறிகளும் வெளியில் இருந்து பார்த்தால் நிறைய ஒத்துப்போகும். நெஞ்சில் அழுத்தம், வியர்வை, மூச்சு வாங்குதல், சாகப்போகிறோம் என்ற உணர்வு எல்லாம் இரண்டிலும் உண்டு. முதல் முறை வருகிற நெஞ்சு வலியை "இது வெறும் டென்ஷன்" என்று வீட்டில் யாரும் முடிவு செய்யக் கூடாது. 108-ஐக் கூப்பிட வேண்டும், அவ்வளவுதான்.

இவருடைய சிக்கல் அதற்கு அப்புறம் தொடங்கியது. மார்ச் தொடங்குவதற்குள் இன்னும் இரண்டு முறை கேஷுவாலிட்டிக்குப் போனார். மூன்றாவது முறை பணியில் இருந்த மருத்துவர் "உங்களுக்கு ஒண்ணுமில்லை, போய்த் தூங்குங்க" என்று சொல்லியிருக்கிறார். மருத்துவர் சொன்னது ஆறுதலுக்காகத்தான். இவர் காதில் விழுந்ததோ, "இவங்களுக்குக் கண்டுபிடிக்கத் தெரியலை" என்று. உடம்பில் அத்தனையும் நடக்கும்போது ஒன்றுமில்லை என்றால் எவரால் நம்ப முடியும்? நடந்தது இன்னது, அது ஏன் உயிருக்கு ஆபத்தில்லை என்று யாராவது பத்து நிமிடம் உட்கார்ந்து சொல்லியிருந்தால் என்னிடம் வரும்போது பாதிப் பயம் குறைந்திருக்கும். பொது மருத்துவர் ஒருவர் படபடப்புக்கு ப்ரோப்ரனலால் எழுதிக் கொடுத்தார், "ஆலோசனைக்கும் போய்ப் பாருங்க" என்று சேர்த்துச் சொன்னார். அதன் பேரில்தான் வந்தார்.

பார்த்தது

முதல் சந்திப்பில் கவனித்தவை. வலது கை விரல்கள் இடது மணிக்கட்டை விட்டு நகரவில்லை, பேசிக்கொண்டே நாடி பார்த்தபடி இருந்தார். கொரோனா காலத்தில் வாங்கிய பல்ஸ் ஆக்ஸிமீட்டர் சட்டைப் பையில் இருந்தது. மாடிப்படி ஏறுவதை விட்டிருந்தார், ஏறினால் நெஞ்சு அடிக்கும் என்பதால். அவிநாசி ரோட்டைத் தவிர்த்துச் சந்து பொந்தாகச் சுற்றிக்கொண்டு வேலைக்குப் போனார். காபியை நிறுத்தியிருந்தார். தூக்கம் நான்கு மணி நேரம் இருந்தால் அதிகம்.

தாக்கம் வரும் முறையும் தெளிவாக இருந்தது. நெஞ்சில் ஒரு துடிப்பு தப்பியதுபோல் தோன்றும், உடனே அந்த நண்பர் சாய்ந்த காட்சி வரும், மூச்சு வேகமாகும். மூச்சை அப்படி வேகவேகமாக விட்டால் ரத்தத்தில் கரியமில வாயு குறைந்து விரலும் உதட்டைச் சுற்றியும் மரத்துப்போகும், தலை கிறுகிறுக்கும். அந்த மரப்பே இவருக்கு மாரடைப்பின் சாட்சியாகிவிடும், பயம் இன்னும் ஏறும். பெரும்பாலும் பத்து நிமிடத்துக்குள் உச்சத்துக்குப் போய், அரை மணிக்குள் இறங்கிவிடும். இறங்கும் என்று இவருக்குத் தெரியாது, ஏனென்றால் ஒவ்வொரு முறையும் அதற்குள் ஆஸ்பத்திரி வாசலுக்கு வந்திருப்பார், ஆஸ்பத்திரிக்கு வந்ததால்தான் பிழைத்தோம் என்று நம்பினார்.

மாத்திரை பற்றிய முடிவு

ஏதோ ஒரு வீடியோவைப் பார்த்துவிட்டு, "ஐஸ் தண்ணில மொகத்த வெச்சா நிக்குமாமுங்களே" என்று அவராகத்தான் கேட்டார். நான் உடனே சரி சொல்லவில்லை. காரணம் ப்ரோப்ரனலால். அது பீட்டா பிளாக்கர், இதயத் துடிப்பைக் குறைக்கிற மருந்து. குளிர்ந்த நீர் முகத்தில் படுவதும் அதே வேலையைத்தான் செய்கிறது. அன்றைக்கு உட்கார்ந்த நிலையிலேயே நாடி நிமிடத்துக்கு 58 இருந்தது. இரண்டையும் ஒன்றின்மேல் ஒன்றாக ஏற்றுவது மருத்துவரைக் கேட்காமல் செய்கிற காரியமில்லை.

மனநல மருத்துவர் ஒருவரிடம் அனுப்பினேன். அவர் பொது மருத்துவரோடு பேசி ப்ரோப்ரனலாலைப் படிப்படியாக நிறுத்தினார், பதற்றத்துக்கும் மனச்சோர்வுக்கும் கொடுக்கப்படும் எஸ்சிட்டலோப்ராம் என்ற மருந்தை 5 மில்லிகிராமில் தொடங்கிப் பிறகு 10-க்கு உயர்த்தினார். இந்த வகை மருந்து பலன் காட்டச் சில வாரங்கள் ஆகும், முதல் ஒன்றிரண்டு வாரம் படபடப்பு கொஞ்சம் கூடவும் செய்யலாம். அதை முன்கூட்டியே இவரிடமும் மனைவியிடமும் சொல்லி வைத்தோம். சொல்லாமல் விட்டால் மூன்றாம் நாளே மாத்திரையைத் தூக்கிப் போட்டுவிடுவார்கள், இது பலமுறை பார்த்த விஷயம்.

குளிர்ந்த தண்ணீருக்கு இங்கேதான் நியாயமான இடம் இருந்தது. மருந்து பிடிக்கும்வரை நடுவில் இருக்கிற வாரங்களைத் தாண்ட வேண்டும், கேஷுவாலிட்டி ஓட்டத்தை நிறுத்த வேண்டும். பழைய இசிஜி, எக்கோ எல்லாவற்றையும் பார்த்துவிட்டு மருத்துவர் சம்மதித்தார்.

போசித் தண்ணீர்

நெற்றி, கண்ணைச் சுற்றிய இடம், கன்னம் ஆகியவற்றில் படும் குளிர்ச்சியை ட்ரைஜெமினல் நரம்பு மூளைத்தண்டுக்குக் கொண்டுபோகிறது. அங்கிருந்து வேகஸ் நரம்பு வழியாக இதயத்துக்கு வேகத்தைக் குறைக்கச் சொல்லி உத்தரவு போகிறது. கூடவே மூச்சையும் அடக்கியிருந்தால் விளைவு கூடும். கை கால் ரத்தக் குழாய்கள் சுருங்கும். சீல், திமிங்கிலம் போன்ற நீருக்குள் மூழ்கும் பாலூட்டிகளிடம் பலமாக இருக்கிற இந்த அனிச்சைச் செயல் மனிதரிடமும் இருக்கிறது. கைக்குழந்தைகளுக்கு இதயம் திடீரென்று தாறுமாறான வேகத்தில் அடிக்கும் ஒருவகைக் கோளாறில், முகத்தில் ஐஸ் பையைச் சில விநாடிகள் வைப்பது மருத்துவமனைகளில் பழைய முறை. அமெரிக்க உளவியலாளர் மார்ஷா லினேஹான், தற்கொலை எண்ணம் திரும்பத் திரும்ப வருகிறவர்களுக்காக உருவாக்கிய டிபிடி என்ற பேச்சு வழி சிகிச்சையில் இதையே நெருக்கடி நேரத் திறனாகச் சேர்த்தார். தண்ணீர் 10 டிகிரி செல்சியஸுக்குக் கீழே போக வேண்டாம் என்பதும், இதயக் கோளாறு, பீட்டா பிளாக்கர், உணவு ஒறுப்பு நோய் (எடை கூடிவிடும் என்ற பயத்தில் சாப்பாட்டை ஒதுக்குவது) போன்றவை இருந்தால் மருத்துவரைக் கேட்காமல் செய்யக் கூடாது என்பதும் அந்த முறையோடு சேர்த்தே கற்றுத்தரப்படுபவை. போனில் வரும் முப்பது விநாடி வீடியோவில் இந்தப் பாதி இருப்பதில்லை.

அறையில் ஒரு அகலமான எவர்சில்வர் போசியை (பாத்திரத்தை) வைத்தோம். பிரிட்ஜ் தண்ணீரையும் குழாய்த் தண்ணீரையும் கலந்து, வெப்பமானி 15 டிகிரி காட்டும்வரை சரிசெய்தோம். நின்ற இடத்திலேயே ஒரு நிமிடம் வேகமாக ஓடச் சொன்னேன், ஆக்ஸிமீட்டர் நாடித் துடிப்பை 112 என்று காட்டியது. குனிந்து முகத்தை வைத்தவர் மூன்று விநாடியில் திமிறிக்கொண்டு எழுந்தார். மூச்சை அடக்குவதே இவருக்குப் பெரிய பயம், மூச்சு முட்டிச் செத்துவிடுவோம் என்று நினைக்கிற ஒருவரிடம் மூச்சை அடக்கு என்றால் எப்படி முடியும். சரி, முக்குவது வேண்டாம் என்று மாற்றினோம். மெல்லிய துண்டை அதே தண்ணீரில் நனைத்து, உட்கார்ந்து குனிந்தபடி நெற்றியும் கண்ணும் கன்னமும் மூடும்படி அழுத்திப் பிடித்து, தொண்டையை இறுக்காமல் மூச்சைக் கொஞ்சம் நிறுத்தி, பிறகு மெதுவாக நீளமாக விட வேண்டும். இது அவரால் முடிந்தது.

அரை நிமிடத்தில் ஆக்ஸிமீட்டரில் எண்ணே இல்லை, வெறும் கோடு. அவர் முகம் வெளுத்துவிட்டது. குளிர்ச்சியில் விரலின் ரத்தக் குழாய் சுருங்கியதால் கருவிக்குத் துடிப்பு கிடைக்கவில்லை, வேறொன்றும் இல்லை என்று சொல்லி, மணிக்கட்டில் விரலை வைத்துக் கடிகாரத்தைப் பார்த்து எண்ணினேன். 84. அவரையும் எண்ண வைத்தேன். "இவ்வளவு சீக்கிரத்துல எறங்குமுங்களா" என்று கேட்டார். ஓட்டத்தை நிறுத்தினாலே துடிப்பு தானாகவும் குறையும், எல்லாப் பெருமையும் தண்ணீருக்குப் போகாது, அதையும் அவரிடம் சொன்னேன். அவருக்கு அன்றைக்கு முக்கியமாகப்பட்டது வேறு: ஏறுகிற துடிப்பு இறங்கவும் செய்யும் என்பதைத் தன் விரலாலேயே தொட்டுப் பார்த்தது.

வீட்டில் நடந்தது

ஏப்ரல், மே. மொட்டைமாடியில் கறுப்புத் தொட்டி. மத்தியானம் குழாயைத் திறந்தால் கை வைக்க முடியாத சூட்டில் தண்ணீர் வருகிற ஊரில் "குளிர்ந்த நீரால் முகத்தைக் கழுவுங்கள்" என்ற அறிவுரைக்கு என்ன அர்த்தம்? முதல் வாரம் அலுவலகக் குழாயில் முகம் கழுவிப் பார்த்துவிட்டு, ஒன்றும் ஆகவில்லை என்று வந்தார். ஆகாதுதான், அந்தத் தண்ணீர் உடம்புச் சூட்டைவிட அதிகம் வேறுபட்டிருக்காது. வீட்டில் பிரிட்ஜில் இரண்டு பாட்டிலும் ஒரு ஈரத் துண்டும் தனியாக வைப்பது என்று ஏற்பாடு செய்தோம். மண்பானைத் தண்ணீரைவிட பிரிட்ஜ் தண்ணீர் நம்பகமாக இருந்தது.

அம்மாவின் எதிர்ப்பு அடுத்தது. "வேர்த்து விறுவிறுத்த ஒடம்போட ஐஸ் தண்ணிய மொகத்துல வெக்காத சாமி, சன்னி வந்துரும்" என்று துண்டைப் பிடுங்கியிருக்கிறார். ஒரு நாள் அம்மாவையும் அறைக்கு வரச்சொல்லி, முகத்தில் மட்டும், அரை நிமிடம் மட்டும் என்று கண்முன்னே செய்து காட்டினோம். தலையை நனைக்காமல் இருந்தால் சரி என்று ஒத்துக்கொண்டார். இதில் நான் வாதாடவில்லை, அம்மா பக்கத்தில் நின்று துண்டை எடுத்துக் கொடுப்பது அந்த வீட்டில் பெரிய பலம்.

தாக்கம் வந்தபோது இரண்டு மூன்று முறை இதைச் செய்தார், தணிந்தது. தணிந்த அந்த ஒன்றிரண்டு நிமிடத்தில் மூச்சை நீளமாக விடுவதும், "இது பேனிக், இறங்கும்" என்று வாய்விட்டுச் சொல்வதும் என்று திட்டம் வைத்திருந்தோம். கேஷுவாலிட்டிக்குப் போவது நின்றது.

டிரம்

மே நடுவில் ஒரு ஞாயிற்றுக்கிழமை, மச்சான் ஒருவர் யோசனையில், முகத்துக்கே இத்தனை பலன் என்றால் உடம்பு முழுக்க என்றால் எப்படி இருக்கும் என்று நீல டிரம்மில் தண்ணீர் நிரப்பி, பார் ஐஸ் உடைத்துப் போட்டு, கழுத்துவரை இறங்கியிருக்கிறார். இறங்கிய நொடியில் மூச்சு இழுத்துக்கொண்டது, அடுத்தடுத்து வேகமாக மூச்சு வாங்கியது, நெஞ்சு எகிறியது. ஏறத் தெரியாமல் டிரம்மோடு சாய்ந்தார். மறுபடி கேஷுவாலிட்டி. இசிஜியில் வேகத் துடிப்பைத் தவிர வேறு கோளாறு இல்லை.

முகத்தின் குளிர்ச்சியும் உடம்பு முழுதும் சட்டென்று படும் குளிர்ச்சியும் ஒன்றல்ல. தோல் முழுக்க திடீரென்று குளிர்ந்தால் உடம்பு எச்சரிக்கை நிலைக்குப் போகும். அடக்க முடியாத மூச்சிழுப்பு, வேக மூச்சு, துடிப்பும் ரத்த அழுத்தமும் ஏறுதல் என்று முதல் ஒன்றிரண்டு நிமிடம் அப்படித்தான் இருக்கும். குளிர்நாடுகளில் ஏரியில் விழுந்தவர்கள் உடல் உறைவதற்கு வெகு முன்பே மூழ்கிப்போவதற்கு இந்த அதிர்ச்சி ஒரு முக்கியக் காரணம். அதோடு முகமும் தண்ணீருக்குள் போனால் துடிப்பை ஏற்று என்றும் இறக்கு என்றும் இதயத்துக்கு ஒரே நேரத்தில் இரண்டு உத்தரவு போகும், துடிப்பு ஒழுங்கு தவறக்கூடும். பழக்கிக்கொண்டவர்கள் படிப்படியாகச் செய்கிறார்கள் என்பது வேறு கதை. பேனிக் உள்ள ஒருவரை முதல் நாளே ஐஸ் டிரம்மில் இறக்குவது அவர் பயப்படுகிற உணர்வுகள் அத்தனையையும் ஒரே நொடியில் அவர்மேல் கொட்டுவது. பத்து நாள் தூக்கம் மறுபடி கெட்டது.

பிளாஸ்க்

ஜூன் வந்தபோது மருந்து பிடிக்க ஆரம்பித்திருந்தது. தாக்கங்கள் அரிதாகிவிட்டன. கேட்டால் "நல்லா இருக்கறனுங்க" என்பார். மனைவி சொன்ன ஒரு விஷயத்தில்தான் நான் நிமிர்ந்து உட்கார்ந்தேன். "ஐஸ் பிளாஸ்க்கு இல்லாம தெருவத் தாண்டறதில்லீங்க. அன்னிக்கு கோயமுத்தூர் கல்யாணத்துக்குக் கெளம்பி, பாதி வழியில ஐஸ் கரைஞ்சுருச்சுன்னு வண்டியத் திருப்பிட்டாரு." எந்த ரோட்டில் எந்த பேக்கரியில் பிரீசர் உண்டு என்று மனப்பாடமாக வைத்திருந்தார். அவிநாசி ரோட்டில் போகத் தொடங்கியிருந்ததும் அங்கே வழி நெடுக பேக்கரி இருந்ததால்தான்.

ஆஸ்பத்திரி வாசல் இருந்த இடத்தில் இப்போது பிளாஸ்க் இருந்தது. தண்ணீர் இருந்ததால் பிழைத்தோம் என்பது மனதில் ஊறிவிட்டால், தண்ணீர் இல்லாத இடமெல்லாம் ஆபத்தான இடம். தானாகவே இறங்கியிருக்கக்கூடிய ஒன்றை இறங்க விட்டுப் பார்க்கும் வாய்ப்பே மனதுக்குக் கிடைப்பதில்லை. என்னைக் கேட்டால், இந்த முறையின் பெரிய அபாயம் இதயத்தில் இல்லை, இங்கேதான் இருக்கிறது. பலன் தருவதால்தான் கையை விட்டுப் போக மறுக்கிறது.

விடுவது

திடீரென்று பிடுங்கவில்லை. அவரோடு உட்கார்ந்து பேசி வரிசை போட்டோம். முதலில் ஐஸ் இல்லாமல் வெறும் தண்ணீர் மட்டும் உள்ள பிளாஸ்க், அப்புறம் காலி பிளாஸ்க், அதற்கப்புறம் பிளாஸ்க்கே வண்டியின் டிக்கிக்குள். இதோடு, அவர் பயப்பட்ட உடல் உணர்வுகளை வேண்டுமென்றே வரவழைக்கும் பயிற்சி. ஸ்ட்ரா வழியாக மூச்சு விடுவது, சுழல் நாற்காலியில் சுற்றுவது, ஒரு நிமிடம் வேக மூச்சு விட்டு விரல் மரத்துப்போக விட்டுப் பார்ப்பது, மாடிப்படியை ஒரே மூச்சில் ஏறுவது. ஒவ்வொன்றுக்கும் பிறகு தண்ணீர் இல்லை, நாடி பார்ப்பது இல்லை, உட்கார்ந்து காத்திருப்பது மட்டும். பேனிக் சிகிச்சையில் நன்கு நிலைபெற்ற முறை இது, இவருடைய இதயம் பரிசோதிக்கப்பட்டிருந்ததால் தயங்காமல் செய்ய முடிந்தது.

கடினமாகத்தான் இருந்தது. மூச்சுப் பயிற்சியின்போது இரண்டாம் தடவை எழுந்து வாசல்வரை போய்விட்டார், திரும்பி வந்து உட்கார்ந்தார். விரல் மரத்துப்போனது, உதடும் மரத்தது, கை நடுங்கியது. சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தபடி இருந்தார். சில நிமிடத்தில் மரப்பு தானாக விட்டது. அன்றைக்கு எழுந்து போகும்போது ஆக்ஸிமீட்டரை என் மேஜையிலேயே விட்டுவிட்டுப் போனார். நான் கூப்பிட்டேன், "இருக்கட்டுங்க மேடம், யாருக்காவது ஆகும்" என்றார்.

செப்டம்பரில் கோவைக்குத் தனியாகப் பஸ்ஸில் போய் வந்தார். அவிநாசி தாண்டியதும் படபடப்பு வந்ததாம், இறங்கவில்லை.

இப்போதைய நிலை

ஜனவரியில் அந்த நண்பரின் வருசத் திதி. அந்த வீட்டில் வைத்து ஒரு முழுத் தாக்கம் வந்தது, பல மாதங்களுக்குப் பிறகு. பந்தலில் உட்கார்ந்தபடியே இருந்திருக்கிறார், பக்கத்தில் இருந்தவரிடம் "எனக்குப் படபடப்பு வருது, கொஞ்ச நேரத்துல சரியாயிரும்" என்று சொல்லியிருக்கிறார், சரியாகிவிட்டது. அதற்கப்புறம்தான் அந்த மரணத்தைப் பற்றியே எங்களால் முழுதாகப் பேச முடிந்தது. ஆட்டோவில் தன் மடியில் இருந்த தலையைப் பற்றி அதுவரை ஒரு வார்த்தை சொன்னதில்லை. இப்போது வருகிற சந்திப்புகள் பெரும்பாலும் அந்தத் துக்கத்தைப் பற்றியவை. மருந்து தொடர்கிறது, எப்போது குறைப்பது என்பதை மருத்துவர் முடிவு செய்வார்.

இனி மாற்றிச் செய்பவை

குளிர்ந்த நீரைக் கற்றுக்கொடுக்கும் அன்றைக்கே, அதை எப்போது கீழே வைப்பது என்பதையும் இப்போது பேசிவிடுகிறேன். தாக்கம் உச்சத்தில் இருக்கும்போது, அதுவும் மருந்து பிடிக்கும்வரை மட்டும், லேசான படபடப்புக்கு எடுக்கக் கூடாது, வெளியே போகும்போது கூடவே சுமக்கக் கூடாது என்று எழுதியே கொடுக்கிறேன். என்னென்ன மாத்திரை என்பதை முதல் சந்திப்பிலேயே பட்டையோடு கொண்டுவரச் சொல்கிறேன், ஏனென்றால் "நெஞ்சு மாத்திரை" என்று மட்டும் சொல்கிறவர்களே அதிகம். இதய நோய், மயக்கம் போட்ட வரலாறு, குளிரில் விரல் வெளுத்துப்போவது, குளிர் பட்டால் தோல் தடிப்பது, சாப்பாட்டைக் குறைத்து உடல் மெலிந்திருப்பது, இவற்றில் ஒன்று இருந்தாலும் மருத்துவர் சொல்லும்வரை இந்த முறையைத் தொடுவதில்லை. ஐஸ் டிரம், ஐஸ் குளியல் வேண்டாம் என்பதை அவர்களாகக் கேட்பதற்கு முன்பே சொல்லிவிடுகிறேன், வீட்டில் இருக்கிற மச்சான், தம்பிகளுக்கும் சேர்த்து.

வீட்டுக்காரர்களிடம் முதல் மாதத்திலேயே தனியாகக் கேட்கிறேன்: எதை எடுக்காமல் இவர் வெளியே போவதில்லை? பாதிக்கப்பட்டவர் "நல்லா இருக்கேன்" என்று சொல்லும் நாட்களில்தான் அந்தக் கேள்வி அதிகம் தேவைப்படுகிறது. ஆலோசகர் பக்கத்தில் இல்லாத ஊர்களில் இருப்பவர்களுக்கு அரசின் மனநல உதவித் தொலைபேசிச் சேவையான டெலி மானஸ் எண்ணைக் கொடுக்கிறேன், 14416, தமிழிலும் பேசுவார்கள், கட்டணம் இல்லை. துக்கத்தைப் பற்றிய கேள்வியைத் தாக்கங்கள் அடங்கட்டும் என்று ஒரு வருடம் தள்ளிவைக்காமல், பதில் வராவிட்டாலும் பரவாயில்லை என்று இரண்டாம் மூன்றாம் சந்திப்பிலேயே ஒருமுறை கேட்டு வைக்கிறேன்.